கேமரா எந்தப் பக்கம் நிற்கிறது?

மூணு வருஷத்துக்கு முன்னால் நண்பர்கள் நாலைந்து பேர் சேர்ந்து மொட்டைமாடியில் ஒரு திரையிடல் நடத்தினோம். திரைக்கு ஒரு வெள்ளை வேட்டி, வாடகைக்கு எடுத்த புரொஜெக்டர், இருபது பிளாஸ்டிக் நாற்காலி. படம், ஜியான்ஃபிராங்கோ ரோசி எடுத்த 'ஃபுவோகோஅம்மாரே'. 'கடலில் தீ' என்று அர்த்தம். படம் முடிந்ததும் வழக்கம்போல ஒளிப்பதிவு, நிதானம், மௌனம் என்று ஆளாளுக்குப் பேசிக்கொண்டிருந்தோம். கடைசி வரிசையில் ஒரு ஐயா உட்கார்ந்திருந்தார். 1990-ல் தலைமன்னாரிலிருந்து வள்ளத்தில் ராமேஸ்வரம் பக்கம் வந்து இறங்கியவர். இன்னமும் முகாமில்தான் குடும்பத்தோடு இருக்கிறார். எல்லோரும் பேசி முடித்த பிறகு ஒரே ஒரு கேள்வி கேட்டார்:

"படம் நல்லாத்தான் இருக்கு தம்பி. அந்தப் படகில வந்த சனம் இந்தப் படத்தைப் பாத்திருக்குமோ?"

எங்களில் யாரிடமும் பதில் இல்லை. நாங்கள் யாருமே அப்படி யோசித்ததில்லை என்பதுதான் உண்மை.

அந்தக் கேள்வியைக் கையில் வைத்துக்கொண்டு, எல்லைகளைப் பற்றியும் அவற்றைக் கடக்கும் மனிதர்களைப் பற்றியும் எடுக்கப்பட்ட ஆவணப்படங்களைத் தேடித் தேடிப் பார்த்தேன். அப்போது எழுதி வைத்த குறிப்புகளைத்தான் இங்கே ஒழுங்குபடுத்தித் தருகிறேன். ஒவ்வொரு படத்திடமும் நான் கேட்டது ஒன்றுதான். கேமரா யார் கையில் இருக்கிறது? எந்தப் பக்கம் நின்று பார்க்கிறது?

தீவில் நிற்கும் கேமரா

முதலில் ஐயா பார்த்த படத்திலிருந்தே தொடங்குவோம்.

லம்பெதூசா இத்தாலிக்குச் சொந்தமான ஒரு சின்னத் தீவு. சுமார் 20 சதுர கிலோமீட்டர் பரப்பு, 6,000 பேர் மக்கள்தொகை, அவ்வளவுதான். வரைபடத்தை எடுத்துப் பாருங்க, இத்தாலியின் சிசிலியை விட ஆப்பிரிக்காவின் துனீசியாதான் அதற்குப் பக்கம். அதனால் லிபியாவிலிருந்தும் துனீசியாவிலிருந்தும் கிளம்புகிற படகுகளுக்கு ஐரோப்பாவின் முதல் வாசல் அதுதான்.

2013 அக்டோபர் 3-ஆம் தேதி அதிகாலை, கரைக்கு மிக அருகில் ஒரு படகு தீப்பிடித்துக் கவிழ்ந்தது. அதில் இருந்த 500-க்கும் மேற்பட்டவர்களில் பெரும்பாலோர் எரித்ரேயா நாட்டுக்காரர்கள். 368 பேர் செத்துப் போனார்கள், 155 பேர் பிழைத்தார்கள். அதற்குப் பிறகு நடந்ததைக் கேளுங்கள். அப்போதைய பிரதமர் என்ரிகோ லெட்டா, இறந்தவர்கள் அனைவரும் இன்று முதல் இத்தாலியக் குடிமக்கள் என்று அறிவித்தார். உயிர் பிழைத்தவர்கள் மீதோ சட்டவிரோதமாக நாட்டுக்குள் நுழைந்ததாக விசாரணை தொடங்கியது. செத்தவனுக்குக் குடியுரிமை, பிழைத்தவனுக்கு வழக்கு. எல்லை என்றால் என்ன என்று யாராவது கேட்டால் இந்த ஒரு சம்பவத்தைச் சொன்னால் போதும்.

அதே மாதத்தில் இத்தாலி 'மாரே நோஸ்த்ரும்' என்ற மீட்பு நடவடிக்கையைத் தொடங்கியது. ஏறத்தாழ ஒரு வருஷத்தில் சுமார் 1,50,000 பேரைக் கடலிலிருந்து தூக்கினார்கள். செலவு அதிகம், காப்பாற்றினால் இன்னும் நிறைய பேர் வருவார்கள் என்று விமர்சனம் எழுந்தது. 2014 இறுதியில் அதை நிறுத்திவிட்டார்கள். அதற்குப் பதிலாக வந்த ஐரோப்பிய ஒன்றியத்தின் ஏற்பாடு அளவில் சிறியது. அதன் முதல் வேலையும் எல்லைக் கண்காணிப்புதான், மீட்பு அல்ல.

ரோசி இந்தப் பின்னணியில் தீவுக்குப் போய் ஒரு வருஷத்துக்கும் மேல் தங்கி, தானே கேமராவைப் பிடித்து எடுத்த படம் இது. 2016 பெர்லின் திரைப்பட விழாவில் தங்கக் கரடி விருது வாங்கியது. படத்தின் நாயகன் சாமுவேலே என்ற 12 வயதுப் பையன். உண்டிவில் செய்து பறவைகளைக் குறிபார்க்கிறான், பள்ளிக்கூடம் போகிறான், மாமா படகில் ஏறினால் வாந்தி எடுக்கிறான். அவனுடைய ஒரு கண்ணுக்குப் பார்வை மந்தம். நல்ல கண்ணைக் கட்டி மறைத்து, சோம்பிக் கிடக்கும் கண்ணை வேலை செய்யவைக்க வேண்டும் என்று மருத்துவர் சொல்கிறார். படம் பார்க்கிற நமக்குச் சொன்னதுபோலவே இருக்கும்.

இன்னொரு பக்கம் படகுகள் வருகின்றன. தீவின் மருத்துவர் பியெத்ரோ பார்த்தோலோ, வந்து இறங்கும் கர்ப்பிணிக்கு ஸ்கேன் எடுக்கிறார். டீசலும் உப்புத்தண்ணீரும் கலந்து உடம்பை எப்படி வேகவைத்துவிடும் என்று விளக்குகிறார். பிரேதப் பரிசோதனை செய்வது தனக்கு ஒருநாளும் பழகவில்லை என்கிறார்.

படத்தில் அந்தப் பையனும் படகில் வந்தவர்களும் ஒருமுறைகூடச் சந்திக்கவே இல்லை. அவ்வளவு சின்னத் தீவில்! ரோசி அதை மறைக்கவில்லை. படகில் வருபவர்களை நேரே ராணுவக் கப்பலிலிருந்து மையத்துக்கும், மையத்திலிருந்து வேறு ஊருக்கும் கொண்டுபோய்விடுவதால் தீவுக்காரர்களுக்கு அவர்கள் வானொலிச் செய்தி மட்டும்தான். இந்தப் பிரிவினையை அப்படியே காட்டியதுதான் படத்தின் நேர்மை என்று நினைக்கிறேன். ஆனால் அதற்கு ஒரு விலை இருக்கிறது. பையனுக்குப் பெயர் உண்டு, பாட்டி உண்டு, வீட்டுப்பாடம் உண்டு. படகில் வந்தவர்களில் ஒரு நைஜீரியர் மட்டும் தங்கள் பயணத்தைப் பாட்டுப்போலச் சொல்கிறார். மற்றவர்கள் ஒரு எண்ணாக, மினுங்கும் வெப்பப் போர்வையாக வந்து போகிறார்கள். கேமரா கரையில் நின்று கடலைப் பார்க்கிறது. ஐயாவுக்கு உறுத்தியது இதுவாகத்தான் இருக்க வேண்டும்.

வேலிக்கு அந்தப் பக்கம்

அதே 2016-ல், அதே பெர்லின் விழாவில் இன்னொரு படமும் திரையிடப்பட்டது. பெயர் 'லே சோத்தர்', அதாவது குதிப்பவர்கள். விருதுச் செய்திகளில் இது பெரிதாக அடிபடவில்லை.

மெலில்லா ஸ்பெயினுக்குச் சொந்தமான நகரம், ஆனால் இருப்பது மொராக்கோ கடற்கரையில். ஆப்பிரிக்க மண்ணில் ஐரோப்பிய ஒன்றியத்துக்கு இருக்கும் தரைவழி எல்லைகள் இரண்டில் ஒன்று இது. சுற்றிலும் 6 மீட்டர் உயர வேலி, அதுவும் அடுக்கடுக்காக. பக்கத்திலுள்ள குருகு மலையில் ஆப்பிரிக்காவின் பல நாடுகளிலிருந்து வந்த இளைஞர்கள் மாதக்கணக்கில் ஒளிந்து வாழ்ந்து, நூற்றுக்கணக்கில் திரண்டு ஒரே நேரத்தில் வேலியில் ஏறுவார்கள். சிலர் தாண்டுவார்கள், பலர் அடிபட்டுத் திரும்புவார்கள்.

படம் எப்படி ஆரம்பிக்கிறது தெரியுமா? கண்காணிப்பு வெப்பக் கேமராவின் கறுப்பு வெள்ளைக் காட்சியோடு. மலைச்சரிவில் சின்னச் சின்னப் புள்ளிகள் வரிசையாக நகர்கின்றன. எறும்பு மாதிரி. எல்லைக்கு அவர்கள் அப்படித்தான் தெரிகிறார்கள்.

அடுத்து கேமரா அந்தப் புள்ளிகளில் ஒன்றின் கைக்குப் போகிறது. மோரிட்ஸ் சீபெர்ட், எஸ்தெபான் வாக்னர் என்ற இரு இயக்குநர்கள், மாலி நாட்டைச் சேர்ந்த அபூ பக்கர் சிதிபே என்பவரிடம் ஒரு சின்ன கேமராவைக் கொடுத்து, கொஞ்சம் பணமும் கொடுத்தார்கள். அவர் அந்த மலையில் ஒரு வருஷத்துக்கும் மேலாக இருந்தவர். முதலில் பணத்துக்காகத்தான் எடுத்ததாகப் படத்திலேயே சொல்கிறார். போகப்போக, எடுக்கும்போது தான் ஒரு ஆளாக இருப்பதை உணர்கிறார். காட்சிக்கு அழகு எங்கே இருக்கிறது என்று தேட ஆரம்பிக்கிறார். சமைக்கிறார்கள், தண்ணீர் தூக்குகிறார்கள், சண்டை போடுகிறார்கள், நாடுவாரியாக அணி பிரித்துக் கால்பந்து ஆடுகிறார்கள். போலீஸ் வந்து எல்லாவற்றையும் கொளுத்திவிட்டுப் போகிறது. மறுபடி அடுப்பு மூட்டுகிறார்கள்.

கடைசியில் சிதிபே வேலியைத் தாண்டிவிட்டார். படத்தின் மூன்றாவது இயக்குநராக அவர் பெயரும் வருகிறது. ஐயாவின் கேள்விக்கு இங்கே ஒரு பதில் கிடைத்தது. ஆமாம், இந்தப் படத்தை அதில் இருப்பவர் பார்த்தார், அவர்தான் எடுத்தார். ஆனாலும் ஒன்றை மறக்கக் கூடாது. கேமராவைக் கொடுத்தவர்கள் தாங்கள் விரும்பிய நாளில் விமானம் ஏறி ஊர் திரும்பக்கூடியவர்கள், வாங்கியவர் மலையில் இருந்தவர்.

பேச முடியாதவருக்காக

இதுவரை பார்த்தவை உயிரோடு இருப்பவர்களைப் பற்றி. இறந்தவரைப் பற்றி எப்படிப் படம் எடுப்பது? அதற்கு அமெரிக்க – மெக்சிகோ எல்லைக்குப் போக வேண்டும்.

அங்கே 1990-களின் நடுப்பகுதி வரை பெரும்பாலோர் சான் தியேகோ, எல் பாசோ போன்ற நகரங்கள் வழியாகத்தான் கடந்தார்கள். 1994-ல் அமெரிக்க எல்லைக் காவல் படை ஒரு புதிய உத்தியை வகுத்தது. நகரப் பகுதிகளை வேலியாலும் ஆட்களாலும் அடைத்துவிட்டால், மிச்சமிருப்பது பாலைவனமும் மலையும்தான், அதைப் பார்த்து ஜனங்கள் பின்வாங்கிவிடுவார்கள் என்பது கணக்கு. ஜனங்கள் பின்வாங்கவில்லை. அரிசோனாவின் சொனோரா பாலைவனத்துக்குள் இறங்கினார்கள். கோடையில் 40 டிகிரிக்கு மேல் வெயில், நாலைந்து நாள் நடை, முதுகில் சுமக்க முடிகிற அளவு தண்ணீர் மட்டும். டூசான் நகரிலுள்ள பீமா மாவட்டப் பிணவறைக்கு 2010-ல் மட்டும் இப்படி 200-க்கும் மேற்பட்ட உடல்கள் வந்தன.

மார்க் சில்வர் இயக்கிய 'ஹூ இஸ் தயானி கிறிஸ்டல்?' (2013) அப்படி வந்த ஒரே ஒரு உடலோடு ஆரம்பிக்கிறது. அடையாள அட்டை இல்லை. நெஞ்சில் 'தயானி கிறிஸ்டல்' என்று பச்சை குத்தியிருக்கிறது. அது யார்? மனைவியா, காதலியா, ஊர்ப் பெயரா? பிணவறை ஊழியர்களும், காணாமல்போனவர்களின் குடும்பங்களிடமிருந்து வரும் தொலைபேசிகளை எடுத்துக் குறிப்பெழுதும் மானுடவியலாளர் ராபின் ரெய்னெக்கேயும் துப்பறிவதுபோல் ஒவ்வொரு படியாகப் போகிறார்கள். நடிகர் கேல் கார்சியா பெர்னால் அந்த மனிதர் வந்திருக்கக்கூடிய வழியில் தானும் பயணம் செய்கிறார்.

விடை கிடைக்கிறது. ஹோண்டுராஸில் ஒரு கிராமம். பச்சை குத்தியிருந்தது அவருடைய சின்ன மகளின் பெயர்.

நடிகர் அந்த வழியில் நடப்பது சில இடங்களில் எனக்கு ஒட்டவில்லை. தெரிந்த முகம், எந்த நேரமும் திரும்பிப் போகலாம் என்கிற உடம்பு. ஆனால் பிணவறைக் காட்சிகளை மறக்க முடியாது. மேலே சொன்ன உத்தியை வகுத்தவர்களுக்கு அந்த மனிதர் ஒரு எண்ணிக்கை. பிணவறையில் இருப்பவர்களோ ஒரு பச்சைக் குத்தைப் பிடித்துக்கொண்டு, இவன் யாரோ ஒருவருடைய அப்பா என்று கண்டுபிடிக்கப் பாடுபடுகிறார்கள். சர்வதேசப் புலம்பெயர்வு அமைப்பின் பதிவுப்படி 2014 முதல் பத்தாண்டுகளில் உலகம் முழுக்க 63,000-க்கும் மேற்பட்டவர்கள் இப்படி வழியில் இறந்திருக்கிறார்கள் அல்லது காணாமல் போயிருக்கிறார்கள். பதிவானது மட்டும்தான் இந்த எண். அத்தனை பேரின் வீடுகளிலும் யாரோ தொலைபேசிக்குக் காத்திருப்பார்கள், இல்லையா?

கேமராவே இல்லாத இடம்

சரி, உடலும் கிடைக்கவில்லை, கேமராவும் இல்லை என்றால்?

2011 மார்ச் இறுதியில் லிபியாவிலிருந்து 72 பேரோடு ஒரு ரப்பர் படகு கிளம்பியது. எரிபொருள் தீர்ந்து 14 நாள் மிதந்தது. லிபியப் போர் நடந்துகொண்டிருந்த நேரம், அந்தக் கடல் முழுக்க நேட்டோ நாடுகளின் கப்பல்களும் விமானங்களும். படகில் இருந்தவர்கள் சாட்டிலைட் தொலைபேசியில் உதவி கேட்டார்கள். ஒரு ஹெலிகாப்டர் வந்து பிஸ்கட்டும் தண்ணீரும் போட்டுவிட்டுப் போனது. ஒரு ராணுவக் கப்பல் பக்கத்தில் வந்து பார்த்துவிட்டுப் போனது. படகு மீண்டும் லிபியக் கரையிலேயே ஒதுங்கியது. 63 பேர் இறந்தார்கள், 9 பேர் மட்டும் பிழைத்தார்கள்.

சார்ல்ஸ் ஹெல்லர், லோரென்சோ பெத்ஸானி என்ற இரண்டு ஆய்வாளர்கள் இதை 'லிக்விட் டிரேசஸ்' (2014) என்ற குறும்படமாக ஆக்கினார்கள். அதில் அழும் முகம் இல்லை. இருப்பது ஒரு நீல வரைபடம், கோடுகள், புள்ளிகள், விவரிக்கும் குரல். தொலைபேசி அழைப்பு எந்த இடத்திலிருந்து வந்தது என்பது பதிவாகியிருந்தது. அன்றைய காற்றின் வேகம், நீரோட்டத்தின் திசை இரண்டையும் வைத்து, இயந்திரம் நின்ற படகு ஒவ்வொரு மணி நேரமும் எங்கே மிதந்திருக்கும் என்று கணக்குப் போட்டார்கள். செயற்கைக்கோள் ரேடார் படங்களில் அந்தச் சுற்றுவட்டாரத்தில் தெரிந்த பெரிய கப்பல்களை அதன்மேல் பொருத்தினார்கள். பிழைத்தவர்களின் சாட்சியத்தோடு சேர்த்துப் பார்த்தபோது, படகைச் சுற்றிக் கப்பல்கள் இருந்தன என்பது தெரிந்தது. எல்லையைக் காப்பதற்காகக் கடலை உற்றுப் பார்க்கும் கருவிகளையே, பார்த்தும் காப்பாற்றாதவர்களுக்கு எதிரான சாட்சியாகத் திருப்பினார்கள். இந்த ஆய்வை வைத்து ஐரோப்பாவின் சில நாடுகளில் புகார்களும் தொடுக்கப்பட்டன.

ஆவணப்படம் என்றால் உருக்கமாக இருக்க வேண்டும் என்று நினைத்துக்கொண்டிருந்த என்னை இந்த வரைபடம் மாற்றியது. உருகினால் மறுநாள் மறந்துவிடுகிறோம். தேதி, நேரம், தூரம் என்று பிடித்துக் கேட்டால் யாராவது பதில் சொல்லியாக வேண்டும்.

கைப்பேசியும் குற்ற உணர்வும்

இப்போது இன்னொரு வகை. தப்பி ஓடுபவரே இயக்குநர்.

ஆப்கானிஸ்தானின் ஹசன் ஃபசீலி படம் எடுப்பவர். தாலிபான் அவர் தலைக்கு விலை வைத்ததால் மனைவியோடும் இரண்டு பெண் குழந்தைகளோடும் ஓடினார். துருக்கி, பல்கேரியா, செர்பியா, ஹங்கேரி என்று நீண்ட பயணத்தை மூன்று கைப்பேசிகளில் எடுத்தார். அதுதான் 'மிட்நைட் டிராவலர்' (2019). ஓரிடத்தில் இளைய மகளைக் காணவில்லை. தேடுகிறார்கள். தேடும்போதே, இது படத்துக்கு எவ்வளவு வலுவான காட்சி என்ற எண்ணம் தனக்குள் வந்ததாக அவரே ஒப்புக்கொள்கிறார். அந்த நினைப்பு வந்ததற்காகத் தன்மேலேயே அருவருப்பு வந்து, கேமராவை நிறுத்திவிடுகிறார். மகள் கிடைத்துவிட்டாள். ஆனால் அந்த ஒப்புதல் மனசைவிட்டுப் போகாது. சொந்தப் பிள்ளை விஷயத்திலேயே அப்படி என்றால், ஊரார் துயரத்தைப் படம் எடுக்கப்போகும் நாம் எம்மாத்திரம்?

'சௌக்கா, ப்ளீஸ் டெல் அஸ் த டைம்' (2017) இன்னும் இறுக்கமான இடத்திலிருந்து வந்தது. ஆஸ்திரேலியாவுக்குப் படகில் வந்தவர்களை அந்த அரசு பப்புவா நியூ கினியின் மானுஸ் தீவில் அடைத்துவைத்தது. அங்கே இலங்கைத் தமிழர்களும் இருந்தார்கள். குர்திஷ் எழுத்தாளர் பெஹ்ரூஸ் பூச்சானி முகாமுக்குள்ளிருந்து கைப்பேசியில் ரகசியமாக எடுத்துத் துண்டு துண்டாக வெளியே அனுப்ப, நெதர்லாந்தில் இருந்த ஆரஷ் கமாலி சர்வெஸ்தானி படமாகக் கோர்த்தார். சௌக்கா என்பது மானுஸ் மக்கள் நேசிக்கும் ஒரு பறவை. அது கூவுவதை வைத்து நேரம் சொல்வார்கள். முகாமில் தனிமைச் சிறைக்கு வைத்த பெயரும் சௌக்காதான். ஒரு ஊரின் பறவையைப் பிடித்துக் கொட்டடிக்குப் பெயராக வைத்தார்கள் என்ற அந்த ஒரு தகவலே படத்தின் பாதி.

முகம் காட்டலாமா?

இவ்வளவும் பார்த்த பிறகு ஐயாவிடம் போனேன். உங்கள் பயணத்தைப் பதிவு செய்யலாமா என்று கேட்டேன். முகம் வேண்டாம், குரல் மட்டும் என்றார். ஏன் என்று நான் கேட்கவில்லை. காகிதம் இல்லாதவருடைய முகமே அவருக்கு எதிரான ஆவணமாக மாறலாம். எந்த வழியாக வந்தார், யார் கூட்டிவந்தார், முதலில் எங்கே கால் வைத்தார் என்பதெல்லாம் பார்வையாளருக்குக் கதை, அதிகாரிக்குத் துப்பு. 'ஃப்ளீ' (2021) படத்தில் ஆப்கானிஸ்தானிலிருந்து டென்மார்க் வந்தவரின் முகத்தையும் பெயரையும் மறைப்பதற்காகவே அவருடைய வாழ்க்கையைக் கோட்டோவிய அசைபடமாக எடுத்தார்கள்.

ஐயா இரண்டு மாலைகள் பேசினார். இரவில் கிளம்பியது, அழுத குழந்தையின் வாயைப் பொத்தியது, படகோட்டி மணல்திட்டில் இறக்கிவிட்டுத் திரும்பிப் போனது, விடியும்வரை முழங்கால் தண்ணீரில் நின்றது. தொகுத்து முடித்ததும் முதலில் அவருக்குத்தான் போட்டுக் காட்டினேன். மனைவியும் பேத்தியும் பக்கத்தில் இருந்தார்கள். முழுசாகக் கேட்டார். பிறகு சொன்னார்:

"அந்த வள்ளக்காரன்ர பேரை எடுத்துவிடுங்கோ தம்பி. அவற்ற பிள்ளையள் இப்பவும் அங்கதான் இருக்கினம்."

படகோட்டியின் பெயர் வரும் இடங்கள்தான் பதிவின் மிக நல்ல பகுதிகள். பெயரை மட்டும் வெட்டினால் போதாது, ஆளை அடையாளம் காட்டக்கூடிய எல்லாவற்றையும் எடுக்க வேண்டியிருந்தது. 47 நிமிஷம் 31 ஆகிவிட்டது. உண்மையைச் சொன்னால், வெட்டும்போது கை நடுங்கியது. அந்த 16 நிமிஷத்தை ஒரு நகல் எடுத்து வைத்துக்கொள்ளலாமா என்றுகூடத் தோன்றியது. வைத்துக்கொள்ளவில்லை.

பேத்திக்கு அந்த 31 நிமிஷத்தை ஒரு பென்டிரைவில் போட்டுக் கொடுத்திருக்கிறேன். தாத்தா முழங்கால் தண்ணீரில் நின்ற கதையை அன்றைக்குத்தான் முதல்முறையாகக் கேட்டதாகச் சொன்னாள். வெளியே போடுவதா வேண்டாமா என்பதை இனி அவர்கள்தான் முடிவு செய்ய வேண்டும்.